எட்டாம் மாதம்

"கிரகணம் பிடிச்சப்போ உனக்கு எத்தனை மாசம், பார்த்தினி?"

"எட்டு, அக்கா."

"வயித்துல குழந்தைக்கு உதடு கூடுறது ரெண்டாம் மாசத்துலயே முடிஞ்சிடும். எட்டாம் மாசத்துல நீ மீனை வெட்டினா என்ன, மெராப்பி மலையையே வெட்டினா என்ன? உன் பொண்ணு உதட்டைப் பெரிய ஆஸ்பத்திரியில தைச்சா சரியாயிடும். அவ அப்பா கையெழுத்துப் போடணும், அவ்வளவுதான்."

சுகாதார நிலைய நர்ஸ் இதைச் சொல்லி இரண்டு வருஷமாகிறது. பார்த்தினி இன்னும் வீட்டில் வாய் திறக்கவில்லை. பதில் அவளுக்குத் தெரியும். "சூரியனை விழுங்குற அரக்கன் காலா கடிச்ச இடத்துல ஊசி பட்டா, அவன் கோபம் அடுத்த பிள்ளை மேலதான் இறங்கும்" என்று மாமியார் துமினா எத்தனையோ முறை சொல்லியாகிவிட்டது. கணவன் சர்வோனோ நல்லவன்தான். மசக்கையில் அவள் படுத்துக் கிடந்தால் தானே மிளகாய் அரைத்துச் சமைப்பான். அம்மாவின் முன்னால் மட்டும் அவனுக்கு நாக்கு எழாது.

இன்று மறுபடியும் கிரகணம். ஐந்து மாத வயிற்றில் அடுப்புச் சாம்பலைப் பூசி, மாமியார் அவளை மூங்கில் கட்டிலுக்கு அடியில் படுக்க வைத்திருந்தாள். பக்கத்தில் ஆறு வயது மகள் ரெத்னோ. வெளியே காலாவை விரட்ட, பெண்கள் நீள மரவுரலை உலக்கையால் இடித்துக்கொண்டிருந்தார்கள்.

"அம்மா, புழுங்குது" என்றாள் ரெத்னோ. பிளந்த உதட்டின் வழியே பாதிச் சொல் காற்றாகப் போனது.

"கொஞ்ச நேரம்தான்டி, கண்ணு."

குழந்தை கேட்கவில்லை. கட்டிலடியிலிருந்து ஊர்ந்து வெளியே வந்து வாசலுக்கு ஓடினாள்.

உரலடியில் ஒருத்தி கத்தினாள். "துமினாக்கா, பேத்தி வெளிய வந்துட்டா!"

"வரட்டும், வரட்டும். அவளைத்தான் காலா முன்னாடியே கடிச்சுட்டானே. எச்சிப்பண்டத்தை மறுபடி எவன் தொடுவான்?"

உலக்கைகள் நின்று, சிரிப்பு கிளம்பியது.

கட்டிலடியிலிருந்து பார்த்தினிக்கு மகளின் முதுகு தெரிந்தது. சின்னக் கை மெல்ல எழுந்து வாயை மூடிக்கொண்டது. அப்படி மூட அவளுக்கு யாரும் சொல்லித்தரவில்லை. வாசற்படியில் உட்கார்ந்திருந்த சர்வோனோ சிரிக்கவில்லை. தடுக்கவும் இல்லை. கிராம்புச் சுருட்டைத் தட்டிக்கொண்டிருந்தான்.

பட்டப்பகலில் இருட்டியது. கோழிகள் குழம்பிப்போய்க் கூட்டுக்கு ஓடின. பார்த்தினி முழங்கையை ஊன்றி வெளியே வந்தாள்.

"ஐயோ, உள்ள போடி! வயித்துப் பிள்ளைக்கு ஆகாது!" மாமியார் அலறினாள்.

பார்த்தினி வாசலுக்கு வந்து, மகளின் கையை வாயிலிருந்து எடுத்துத் தன் கைக்குள் வைத்துக்கொண்டாள். அந்த இருட்டில் கணவனின் முகம் சரியாகத் தெரியவில்லை. அதுவும் நல்லதாகப் போயிற்று.

"என்னங்க, நாளைக்குக் காலைல முதல் பஸ்ஸுக்கு எங்ககூட ஆஸ்பத்திரிக்கு வாங்க. இவ உதட்டைத் தைக்கணும். நீங்க கையெழுத்துப் போடணும்."