இருநூற்றுப் பதினாலு நாள் மஞ்சள்காமாலை

வழக்கில் தோற்றுவிட்டோம் என்ற சங்கதியே பல்செட்காரருக்குப் பல்லில்லாத ஒரு வாடிக்கையாளர் சொல்லித்தான் தெரிந்தது. மெழுகு அச்சு இறுகும்வரை அந்த மனிதருக்குப் பொழுது போகவில்லை. ஸ்டூலில் பழைய பத்திரிகைகளோடு கிடந்த தீர்ப்பு நகலை எடுத்துக் கடைசிப் பக்கம்வரை படித்துவிட்டு, "இந்த ரூம் உங்க தங்கச்சிக்குன்னுல்ல போட்டிருக்கு?" என்று பொக்கை வாயால் கேட்டார்.

பல்செட்காரருக்குத் தூக்கிவாரிப் போட்டது. அப்பா விட்டுப்போன வீட்டின் முன்னறைக்காக அவரும் தங்கையும் பதினோரு வருஷமாகக் கோர்ட்டுக்கு நடந்தவர்கள். வீட்டிலேயே பகல் வெளிச்சம் நன்றாக விழும் ஜன்னல் அந்த அறையில்தான். பல்லின் நிறத்தை ஒப்பிட்டுப் பார்க்க அந்த வெளிச்சம் வேண்டும். பின்னால் அவருக்கு ஒதுக்கியிருந்த ஸ்டோர் ரூமில் எல்லாப் பல்லும் ஒரே நிறம்தான். அந்த ஜன்னல் போனால் தொழிலும் போச்சு.

தோற்றது எப்படித் தெரியாமல் போகும் என்று கேட்பீர்கள். தீர்ப்பு என்றால் முதலில் வாதி என்னென்ன சொன்னார் என்று பக்கம் பக்கமாக எழுதிவிட்டுத்தான் நீதிபதி தன் முடிவுக்கு வருவார். நம்மவர் முதல் நாலு பக்கத்தைப் படித்தார். முன்னறை வாதிக்கே சொந்தம், அப்பாவே வாயால் சொன்னார் என்றெல்லாம் இருந்தது. தான் சொன்னதையே நீதிபதி சொன்னதாக எடுத்துக்கொண்டு, உச்சி குளிர்ந்து நகலை மூடிவிட்டார். மிச்ச முப்பத்து நாலு பக்கத்தில் அவரை நார் நாராகக் கிழித்திருந்தது. வக்கீலோ கெட்ட செய்தியை நேரில் சொல்லக் கூச்சப்பட்டு, நகலைத் தபாலில் அனுப்பிவிட்டுக் கமுக்கமாக இருந்துகொண்டார்.

தங்கையும் வாய் திறக்கவில்லை. வீட்டில் கேஸ் பேச்சு எடுப்பதில்லை என்று இருவருக்கும் ஓர் ஒப்பந்தம். அண்ணன் கட்டைப் பிரம்மச்சாரி, மூன்று வேளையும் சாப்பாடு அவள் கையால்தான். வாய்தா நாட்களில் ஒரே ஸ்கூட்டரில் போய், கோர்ட்டில் எதிரும் புதிருமாக உட்கார்ந்துவிட்டு, அதே ஸ்கூட்டரில் திரும்புவார்கள். ஜெயித்த குஷியில் அவர் முன்னறைக்கு வெள்ளையடித்தபோதுகூட, போகிற மனுஷன் நல்லபடியாக வைத்துவிட்டுப் போகிறான் என்று அவள் நினைத்துக்கொண்டாள்.

மேல்முறையீட்டுக்குக் கொடுத்த தொண்ணூறு நாளும் போய், அதற்கு மேலும் இருநூற்றுப் பதினாலு நாள் ஓடியிருந்தது. ஒவ்வொரு நாளுக்கும் காரணம் காட்டி, தாமதத்தை மன்னிக்கச் சொல்லி மனு போட வேண்டும் என்றார் வக்கீல். படிக்கவில்லை என்ற காரணத்தைக் கேட்டால் கோர்ட்டே சிரிக்கும், மஞ்சள்காமாலை என்று போடுவோம் என்றார். அவருடைய கட்சிக்காரர்களில் மஞ்சள்காமாலை வராதவர் யாருமில்லை. குமாஸ்தா பழைய மனு ஒன்றைப் பார்த்து அப்படியே அடித்து நீட்டினார். நம்மவர் இதையும் படிக்காமல் கையெழுத்துப் போட்டார்.

மனுவின் நகல் தங்கைக்குப் போனது. அவள் ஒரு வரி விடாமல் படிக்கிற ஜாதி. "மனுதாரர் நாள்தோறும் உண்டுவந்த சுகாதாரமற்ற உணவின் காரணமாக" என்ற இடத்துக்கு வந்தாள். அன்று மத்தியானம் அண்ணனுக்குத் தட்டு வைக்கவில்லை. மனுவை மட்டும் மேஜையில் வைத்துவிட்டு, "தினமும் எங்க சாப்பிட்டேன்னு ஜட்ஜு கேப்பாங்க. யோசிச்சு வச்சுக்கோ" என்று சொல்லி அடுப்படிக் கதவைச் சாத்திக்கொண்டாள். அவர் அன்று ரொட்டி வாங்கித் தின்றார்.

விசாரணைக்கு முதல் முறையாக இரண்டு ஸ்கூட்டரில் போனார்கள். நீதிபதி அம்மாவுக்கு இளகிய மனசு. நோய் என்றால் கொஞ்சம் பார்க்கலாம்தான் என்று கண்ணாடியைக் கழற்றினார். தங்கையின் வக்கீல் எழுந்து, மேற்படி காலத்தில் அண்ணன் தன் கட்சிக்காரர் கையால் அறுநூற்று நாற்பத்திரண்டு வேளை சாப்பிட்டார், பெரும்பாலும் இரண்டாம் தடவையும் கேட்டு வாங்கினார் என்றார். ஆனால் தங்கை எதையும் பார்க்காமல் குனிந்து கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள். பல்செட்காரருக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது. பேசாமல் இருந்தால் ஜன்னல் கிடைக்கலாம். இருக்க முடியவில்லை, எழுந்துவிட்டார்.

"அம்மா, எனக்கு மஞ்சக்காமாலையும் வரல, ஒரு தும்மலும் வரல. தங்கச்சி சாப்பாட்டுல எட்டு கிலோ ஏறியிருக்கேன். தீர்ப்பை நாலு பக்கத்துக்கு மேல படிக்கல. அதான் லேட்டு."

அவருடைய வக்கீல் ஃபைலின்மேல் தலையைக் கவிழ்த்துக்கொண்டார். நீதிபதி சிரிப்பை அடக்கிக்கொண்டு மனுவைத் தள்ளுபடி செய்தார். அவ்வளவுதான், பதினோரு வருஷம் பத்து நிமிஷத்தில் முடிந்தது.

படிக்கட்டில் அவள் அவருக்காக நின்றிருந்தாள். ஞாயிற்றுக்கிழமைக்குள் காலி செய்துவிடுவதாகச் சொல்லி, அவர் வேறு பக்கம் பார்த்தார்.

"காலி பண்ணிட்டு? அந்த இருட்டு ரூம்ல உக்காந்து யாருக்காவது பழுப்புப் பல்ல மாட்டி விடப் போறியா?" என்றாள். "இதுக்கு மேலயும் ஒரு கோர்ட்டு இருக்காம். கேஸ் நடக்கிற வரைக்கும் நான் ரூமக் கேக்க மாட்டேன். நாளைக்கே அப்பீல் போடு, அண்ணா. மனுவ மட்டும் முதல்ல என்கிட்ட குடு. நான் படிச்சுட்டுத் தரேன், அப்புறம் கையெழுத்துப் போடு."