கோல் வந்துகொண்டிருக்கிறது

1

இந்தக் கதை எரிச்சலில் பிறந்தது. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பிறகு யாரும் இதில் கருணை, மனிதநேயம் என்று தேடி ஏமாற வேண்டாம்.

செம்பூரில் என் வீட்டுக்கு மேல்மாடியில் சாய்நாத் என்று ஒருவன் இருக்கிறான். அவன் வீட்டில் கேபிள். என்னிடம் மொபைல் ஆப். பார்ப்பது என்னவோ ஒரே ஃபுட்பால் மேட்ச்தான். ஆனால் என் திரையில் பந்து நடுமைதானத்தில் உருண்டுகொண்டிருக்கும்போதே மேலேயிருந்து "கோ...ல்!" என்று கூரை அதிரும். அப்புறம் நான் எதைப் பார்க்க? பந்தி முடிந்து இலை எடுத்தபிறகு மொய்க்கவரோடு போய் நின்றவன் மாதிரி உட்கார்ந்திருப்பேன்.

"லைவ்" என்ற சொல்லைப் போலப் புளுகுகிற சொல் வேறு கிடையாது. ரேடியோப் பெட்டியில் கேட்டால் அநேகமாக உடனே வரும். கேபிள் கொஞ்சம் பிந்தும். ஆப் இன்னும் பிந்தும். இணையத்தில் கேட்கிற ரேடியோ இருக்கிறதே, அதுவும் பிந்தத்தான் செய்யும். எல்லாவற்றின் மூலையிலும் கூசாமல் "லைவ்" என்று போட்டிருப்பான். [இந்த இடத்தில் செயற்கைக்கோள் பற்றி ஒரு பத்தி எழுதி அடித்துவிட்டேன். எனக்கே புரியாததை உங்கள் தலையில் கட்டுவானேன்.]

ஒருநாள் சாய்நாத் கத்தியபோது தோன்றியது: முந்திக்கொண்டு வருவது கோலாக இல்லாமல் வேறு ஏதாவதாக இருந்தால்? அவனுக்குத் தெரிந்துவிட்டது. எனக்கு இன்னும் தெரியாது. நடுவில் நான் பல்லைக் காட்டிச் சிரித்துக்கொண்டிருக்கிறேன். என் சிரிப்பை நினைத்து எனக்கே பயமாக இருந்தது.

2

தொடக்கங்கள்.

"தாராவியில் அன்று மழை பெய்துகொண்டி—" வேண்டாம். தாராவி என்றால் மழையும் சாக்கடையும்தானா?

"பூலோகத்துக்குக் கண் தெரியாது. அதனால் அவர் மேட்சைக் காதால்—" இது அதைவிட மோசம். ஒரு மனிதர் காதால் கேட்கவேண்டும் என்பதற்காக அவர் கண்ணைப் பிடுங்குவேனா? கண்ணைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன்.

பூலோகம் தோல் பை தைக்கிறவர். கீழே மெஷின், மேலே குடித்தனம், நடுவில் இரும்பு ஏணி. மெஷின் ஓடும்போது கண் ஊசியை விட்டு நகர்ந்தால் தோல் போகும், இல்லாவிட்டால் விரல் போகும். அதனால் மேட்சைக் கேட்கிறார். இவ்வளவு எளிய காரணம் பக்கத்திலேயே கிடக்க, மனிதரைக் குருடாக்கப் பார்த்தேன் பாருங்கள்.

அவர் மனைவி ஆறுமுகத்தாய். எதிரே தரையில் உட்கார்ந்து தோலின் ஓரங்களில் பசை தடவி, மடித்து, ஒட்டிக் கொடுப்பாள். விரலெல்லாம் எப்போதும் பசை. இரண்டு பேருக்கும் பொதுவான ஒரே போன், நடுவில் ஒரு எவர்சில்வர் குண்டானுக்குள் நிற்கும்.*

* ஸ்பீக்கருக்கெல்லாம் செலவு பண்ண வேண்டாம். போனைக் குண்டானில் நிறுத்திப் பாருங்கள், மெஷின் சத்தத்தையும் தாண்டிக் கேட்கும்.

மகன் மாரிக்கண்ணன். வலது ஓரத்தில் ஓடி ஆடுகிறவன். அன்றைக்கு சீத்தா கேம்ப் பக்கம் ஒரு மைதானத்தில் அரையிறுதி. நன்றாக ஆடினால் ஒரு கம்பெனி டீமில் எடுத்துக்கொள்வதாகப் பேச்சு. டீமில் எடுத்தால் கம்பெனியிலேயே வேலை. மகன் இந்தப் பசை நாற்றத்துக்குள் வந்து உட்காரக் கூடாது என்பதுதான் அவர்கள் இருவரும் சாமியிடம் கேட்ட ஒரே விஷயம்.

3

[மாரிக்கண்ணன் எனக்குச் சரியாகப் பிடிபடவில்லை. ரொம்ப நல்ல பையனாக இருக்கிறான். கதையில் நல்ல பையன் வந்தாலே வாசகர்களுக்கு வயிற்றைக் கலக்கும். அதனால் ஒரு கெட்ட குணம் வைத்தேன்: குளித்துவிட்டு ஈரத்துண்டைத் தோல் மேல் போடுவான். பூலோகம் வாய்க்கு வந்தபடி திட்டுவார். மறுநாளும் போடுவான்.]

இந்தச் சின்ன மேட்சுகளையும் இப்போது யாராவது ஒரு போனை முக்காலியில் நிறுத்தி யூடியூபில் விடுகிறார்கள். ஒருவன் மைக்கில் இந்தியில் கத்துவான். முதலில் பூலோகம் அதைத்தான் கேட்டார். தொல்லை பக்கத்து வீட்டிலிருந்து வந்தது. பக்கத்து வீட்டுச் சாயிராவின் மகன் தாஹிர், மாரியின் சிநேகிதன், மைதானத்தில் நின்றபடியே அம்மாவுக்கு போன் போட்டுவிடுவான். "யக்கா, மாரி கோல் போட்டுட்டானாம்!" என்று சாயிரா சுவருக்கு அந்தப் பக்கமிருந்து கத்தி ஓய்ந்த பிறகுதான் குண்டானுக்குள் கோல் விழும்.

"எம்மவன் போட்ட கோலு. ஊரெல்லாம் தின்னுட்டு மிச்சம்தான் நமக்கு வருது" என்றார் பூலோகம்.

அதற்குத்தான் நாகராஜ். ஆறுமுகத்தாயின் தம்பி, மாரிக்குத் தாய்மாமன். மேட்ச் இருந்தால் அவன் மைதானத்துக்குப் போய் அங்கிருந்து கால் போட்டுச் சொல்லவேண்டும். போனில் பேசுவதைவிட வேகமாக எந்தச் சேனலும் வராது. "அத்தான், மாரி கைல பந்து... சீ, கால்ல. ஒருத்தன ஏமாத்திட்டான். ஏல, குடுல பந்த! குடுக்க மாட்டக்கான் அத்தான்!" கமென்ட்ரி என்றால் இதல்லவா. பூலோகம் சாயிராவின் சுவரைப் பார்த்து மீசையைத் தடவிக்கொள்வார்.

நாகராஜிடம் ஒரு கோளாறு. மாரி கோல் போட்டால் போனோடு குதிப்பான். குதிக்கிற குதியில் கன்னமோ விரலோ பட்டுக் கால் கட்டாகிவிடும். ஒவ்வொரு கோலுக்கும் இதே கதை. ஆகவே அந்த வீட்டில் கால் கட்டானால் கோல் என்று அர்த்தம். பிறகு சேனலைப் போட்டு, பின்னாலே வருகிற கோலை ஆற அமரக் கேட்பார்கள். வரப்போவது தெரிந்து கேட்பதில் ஒரு தனி சுகம், ஐயா. பலகாரம் அடுப்பில் வேகும்போதே வாசனை பிடிக்கிற மாதிரி.

(நான் மாட்டுங்காவில் வளர்ந்தவன். பூலோகத்தின் திருநெல்வேலித் தமிழ் என் வாயில் ஒட்டாது. காது கொடுத்துக் கேட்டு எழுதுகிறேன். பிசகினால் திட்டுங்கள்.)

4

அன்றைக்கு ரயில் பிந்தி நாகராஜ் நேரத்துக்கு வந்து சேரவில்லை. ஆட்டம் தொடங்கிவிட்டது. சேனலில் கேட்க ஆரம்பித்தார்கள். கொஞ்சத்தில் நாகராஜின் கால் வந்தது; சேனல் அந்த இடத்திலேயே நின்றுகொண்டது. முதல் பாதி, இடைவேளை, இரண்டாம் பாதி, எல்லாம் நாகராஜ் வாயால்தான். யாரும் கோல் போடவில்லை.

"அத்தான், மாரிட்ட வந்துட்டு! ஓரமாப் போறான். ஒருத்தனத் தாண்டிட்டான். உள்ள வாறான் அத்தான். கீப்பர் வெளிய வாறான். மாரி—"

கட்.

பூலோகம் மெஷினிலிருந்து காலை எடுத்தார்.

"போட்டுட்டாம்ட்டி!"

"எம் ராசா!" என்றாள் ஆறுமுகத்தாய். பசைக்கையோடு நெற்றியில் திருஷ்டி வழித்தாள். "தம்பி குதிச்சிட்டான் பாத்தீங்களா?"

"சேனலப் போடு. வேல கெடக்கட்டும்."

5

நாகராஜ் குதிக்கவில்லை. கீப்பரின் முட்டி மாரியின் கழுத்தில் இறங்கியது. பந்து வெளியே போய்விட்டது. நாகராஜ் போனைக் கீழே போட்டுவிட்டு உள்ளே ஓடினான்.

இதற்குமேல் வேறு விதமாக எழுதிப் பார்த்தேன்.

"மாரி எழுந்து உட்கார்ந்து, தண்ணீர் வாங்கிக் குடித்து—" குடிக்கவில்லை.

"மைதானத்தின் ஓரத்தில் நின்ற ஆம்புலன்ஸ்—" அங்கே எந்த ஆம்புலன்ஸும் நிற்கவில்லை. சரக்கு டெம்போ ஒன்றில் தூக்கிப் போட்டுக்கொண்டு ஓடினார்கள். மாமனின் மடியில் தலை. யாரோ பொறுக்கிக் கொடுத்த போன் மாமன் கையில். போகிற வழியிலேயே உயிர் போய்விட்டது. ஆஸ்பத்திரியில் சொன்னது அதைத்தான்.

எழுதிவிட்டேன். அடித்துவிடலாம் என்று பேனாவை வைத்தேன், மனசு வரவில்லை. அடித்தால் அவன் பிழைப்பான் என்றால் இந்தக் கதை முழுவதையும் அடித்திருப்பேனே.

6

தாராவியில் மாரி ஓடிக்கொண்டிருந்தான்.

சேனல் எந்த இடத்தில் நின்றதோ அந்த இடத்திலிருந்தே மறுபடி தொடங்கும். மூலையில் சாம்பல் நிறத்தில் ஒரு புள்ளி இருக்கும். அதைத் தொட்டால்தான் சிவப்பாகி இப்போதைய நேரத்துக்குத் தாவும். இது அவர்கள் இருவருக்கும் தெரியாது. எப்போதும் போலக் கொஞ்சம்தான் பின்னால் இருக்கிறோம் என்று நினைத்தார்கள். முதல் பாதி ஓடிக்கொண்டிருந்தது. [எழுதுகிறவன் நான்தானே, அந்தப் புள்ளியைத் தொட்டுவிட்டிருக்கலாம். தொட என்னால் ஆகவில்லை.]

"மாரி கே பாஸ் பால்... மாரி ஆகே படா..." என்று, மாரி பந்தோடு முன்னேறுவதைக் குண்டானுக்குள் இந்திக்காரன் கத்திச் சொன்னான்.

"இது தம்பி முன்னயே சொன்னதுல்லா?" என்றாள் ஆறுமுகத்தாய்.

"லேட்டாத்தாம்ட்டி வரும். அதுக்குப் பேருதான் லைவ்வு."

நாகராஜின் பெயர் திரையில் வந்து போன் அதிர்ந்தது. கால் எடுத்தால் ஆட்டம் நின்றுவிடும்.

"உந்தம்பிக்கு வேற சோலி இல்ல. கோல் எப்படின்னு சொல்லத்தான் துடிக்கான். கட் பண்ணு."

அவள் விரலின் பின்பக்கத்தால் தள்ளிவிட்டாள். மறுபடி வந்தது. மறுபடி தள்ளினாள். "பாவம், சந்தோசத்துல அடிக்கான்" என்று சிரித்தாள். பூலோகமும் சிரித்தார். மெஷின் நின்ற அறையில் அவர் சிரிப்பது வெளியே தெருவரை கேட்டது.

"இனிமே அவன் இந்த ஏணியில ஏறி எறங்க வேண்டாம்ட்டி. கம்பெனில குவாட்டர்ஸ் குடுப்பான்."

"நம்மளக் கூட்டிட்டுப் போவானா?"

"நாம எதுக்கு? ஈரத்துண்டக் கொண்டு எங்கயாவது போய்ப் போடட்டும். நாம நிம்மதியா இருப்போம்." சொல்லிவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார். கண் கலங்கியிருந்ததை மனைவி பார்த்துவிடக் கூடாதே என்று.

தாஹிர் தன் அம்மாவுக்கு போன் போட்டிருந்தான். "நாகராஜ் மாமா அடிச்சு அடிச்சு ஓஞ்சிட்டாரு, எடுக்க மாட்டக்காங்க. நீங்க போய்ச் சொல்லுங்கம்மா" என்றிருந்தான். சாயிரா முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு வந்து வாசலில் நின்றாள். முகம் செத்திருந்தது.

"வாங்க சாயிராம்மா!" என்றார் பூலோகம். "இன்னிக்கு ஒங்கள முந்திட்டோம். ஏட்டி, அவங்க வாயில சீனியப் போடு."

ஆறுமுகத்தாய் கையைத் துடைத்துக்கொண்டு எழுந்து, சீனி டப்பாவைத் திறந்து, ஒரு கரண்டியோடு வந்தாள். சாயிரா சொல்லத்தான் வாயைத் திறந்தாள். திறந்த வாயில் சீனி விழுந்தது.

அதை அவளால் முழுங்கவும் முடியவில்லை. துப்பவும் முடியவில்லை.

7

முடிவுகள்.

முதல் முடிவில் சாயிரா சொல்லிவிடுகிறாள். எழுதிப் பார்த்தேன். "யக்கா" என்பதற்கு அடுத்த சொல் எனக்குக் கிடைக்கவில்லை.

இன்னொன்றில் போனில் சார்ஜ் தீர்ந்துவிடுகிறது. அது அவர்களுக்குத் தப்பிப்பு இல்லை, எனக்குத்தான்.

இன்னொன்றில் சாயிரா ஒன்றும் சொல்லாமல் அவர்களோடு தரையில் உட்கார்ந்து கேட்கிறாள். முதல் பாதி முடிகிறது. இடைவேளை. பற்பசை விளம்பரம். இரண்டாம் பாதி. ஓரத்திலிருந்து மாரி உள்ளே வருகிறான். இந்திக்காரனின் குரல் ஏறுகிறது. பூலோகம் இரண்டு கையையும் தூக்கத் தயாராகிறார். இதை என்னால் எழுதவே முடியாது. அந்தக் கைகள் எப்படிக் கீழே இறங்கும் என்று எனக்குத் தெரியாது.

ஆகவே சாயிராவை வீட்டுக்கு அனுப்பிவிட்டேன். அவளும் பிள்ளை பெற்றவள். அந்தப் பிள்ளை மைதானத்திலிருந்து இன்னும் வந்து சேரவில்லை. அவளை அங்கே நிறுத்தி வைக்க நான் யார்?

வாசல் இப்போது காலியாக இருக்கிறது. நடந்தது அந்த வீட்டுக்குள் யாருக்கும் தெரியாது. உங்களுக்குத் தெரியும். இவ்வளவு தூரம் படித்தவர்கள் நீங்கள். பூலோகத்தைவிட ஒரு முழு ஆட்டம் முன்னால் நிற்கிறீர்கள். என்னால் ஆகவில்லை, நீங்கள் போங்கள். செருப்பைக் கழற்றிவிட்டு, ஏணியில் தலை இடிக்காமல் குனிந்து உள்ளே போங்கள்.

ஆனால் ஒன்று. நீங்கள் வாயெடுப்பதற்கு முன்பே பூலோகம் உங்களைப் பார்த்துவிடுவார். யார் எவர் என்று கேட்காமல் ஸ்டூலைக் காலால் உங்கள் பக்கம் தள்ளுவார். குண்டானில் ஒரு காது, உங்கள் மேல் ஒரு கண். விரலை உதட்டில் வைத்துக்கொண்டு மெதுவாகச் சொல்வார்:

"வாங்க, உக்காருங்க. என்ன ஆச்சுன்னு மட்டும் சொல்லிராதீங்க. நாங்களே கேட்டுக்கிடுதோம்."