ஒபதியாவின் மனு

கெல்மர் பிரபுவிடம் நான் பதினெட்டு வருஷம் எழுத்தராக இருந்தேன். இங்கிலாந்தை மூன்றாம் ஜார்ஜ் ராஜா ஆண்ட காலம். பிரபு கடைசிவரை மந்திரியாகாமல் போனதற்கு ஊரில் பல காரணம் சொல்வார்கள். ஆனால் அவரை அரித்தது அதுவல்ல.

அவரைப் பெற்றவள் பிரசவத்திலேயே இறந்துபோனாள். பண்ணையாளின் மனைவி ஒருத்தி தன் மகன் ஒபதியாவோடு சேர்த்து அவருக்கும் பால் கொடுத்தாள். வளர்ந்த பிறகும் ஒபதியா ஒருவன்தான் அவரைச் சின்ன வயசுச் செல்லப்பெயரால் 'நெட்' என்று கூப்பிடுவான்.

அந்த வருஷம் மந்திரி பதவி கைக்கெட்டும் தூரத்தில் இருந்தது. அதற்கு அண்டைப் பண்ணைக்காரர்களின் ஆதரவு வேண்டும். ஊருக்குப் பொதுவான மேய்ச்சல் நிலத்தைத் தங்களுக்குள் பங்குபோட்டு வேலியடைக்க நாடாளுமன்றத்தில் மசோதா கொண்டுவரச் சொன்னார்கள். பிரபு ஒப்புக்கொண்டார்.

செய்தி கேட்டு ஒபதியா ஐந்து நாள் நடந்து லண்டன் வந்தான். கையில் எழுதத் தெரியாத நாற்பது குடும்பங்கள் கையெழுத்துக்குப் பதில் சிலுவைக்குறி போட்ட மனு.

"என்னடா நெட், பட்டணத்துக் கறியத் தின்னு இப்படி ஊதிட்டே?" என்று சிரித்தான். பிறகு சிரிப்பு போய்விட்டது. "அந்தப் புல்லு இல்லேன்னா எங்களுக்குப் பசு இல்ல. சபையில இதைப் படிச்சுக் காட்டு, போதும். அப்புறம் அவங்க இஷ்டம்."

"படிக்கிறேன். நீ கவலைப்படாம ஊருக்குப் போ."

மசோதா வந்த அன்று சபை வாயிலில் மனுவை எடுத்து நீட்டினேன்.

"இன்னிக்கு வேண்டாம்யா. அவங்க முகம் சுளிப்பாங்க" என்றார்.

நானும் வற்புறுத்தவில்லை. மந்திரியின் எழுத்தராக வேண்டும் என்று எனக்கும் ஆசை இருந்தது. கால் மணி நேரத்தில் மசோதா நிறைவேறியது. பதவியோ வேறொருவருக்குப் போனது.

ஒபதியா பசுவை விற்றுவிட்டு மான்செஸ்டர் ஆலைக்குக் கூலியாகப் போனான்.

ஒன்பது வருஷம் பொறுத்து பிரபு என்னையும் அழைத்துக்கொண்டு அவனைத் தேடிப் போனார். ஒரு நிலவறை வீட்டின் படியில் உட்கார்ந்து ஓட்ஸ் கஞ்சி குடித்துக்கொண்டிருந்தான். எங்களைக் கண்டதும் எழுந்து தொப்பியைக் கழற்றினான்.

"வாங்க பிரபு."

"டேய், நான் நெட்டுடா."

"தெரியுதுங்க."

"இருபது ஏக்கர் உன் பேருக்கு எழுதிட்டேன். வந்துடு."

"என் பொண்டாட்டி மார்த்தா இருந்தா வந்திருப்பேங்க. போன குளிர்ல போயிட்டா. இங்கதான் புதைச்சிருக்கு." கஞ்சிக் கிண்ணத்தைக் காலால் ஓரமாக நகர்த்தினான். "ஒண்ணு மட்டும் சொல்லுங்க. அந்த மனுவைப் படிச்சீங்களா? ஊர்ல எல்லாரும் கேட்டாங்க. நெட் படிச்சிருப்பான்னு சொல்லிட்டேன்."

பிரபு இல்லை என்று தலையை மட்டும் ஆட்டினார். ஒபதியா தொப்பியை மாட்டிக்கொண்டு உள்ளே போய்க் கதவைச் சாத்தினான்.

அடுத்த கூட்டத்தொடரில் வேலிகளை அகற்றக் கோரி பிரபு ஒரு மணி நேரம் பேசினார். சபை உறுப்பினர்கள் ஒவ்வொருவராக எழுந்து வெளியேறினார்கள். ஒரு ஆதரவும் கிடைக்கவில்லை. கடைசியில் வேலியடைத்ததில் தனக்கு வந்த பங்கு நிலத்தையாவது மேய்ச்சலுக்குத் திறந்துவிட்டார். அதற்குள் ஊரில் மிஞ்சியிருந்தவை பதினோரு குடும்பங்கள். அவற்றில் மூன்றிடம்தான் பசு இருந்தது.