ஓட்டுநர் மட்டும் காரணம் சொல்லவில்லை

1
இந்தக் கதை ஒரு விளக்கக் கடிதத்திலிருந்து பிறந்தது. எழுதியவன் நான், கையெழுத்துப் போட்டது என் அக்கா. அவள் மழலையர் பள்ளி வேனில் உதவியாளர். பிள்ளைகளை ஏற்றி, இறக்கி, எண்ணிப் பார்ப்பது அவள் வேலை. போன மாதம் ஒரு காலையில் பதினான்கு பேர் ஏறினார்கள். பதின்மூன்று பேர் இறங்கினார்கள். கடைசி இருக்கையில் தூங்கிப்போன மூன்று வயதுப் பெண் குழந்தை, பூட்டிய வேனுக்குள் நாற்பது நிமிடம் கிடந்தாள்.

[பயப்படாதீர்கள், பிழைத்துக்கொண்டாள். இதைக் கடைசிவரை மறைத்து உங்களைத் தவிக்க விட்டிருக்கலாம். மனம் வரவில்லை.]

2
இந்தக் கதையை முதலில் இப்படித் தொடங்கினேன்: 'வெயில் ஏறிக்கொண்டிருந்த அந்தக் காலையில்...' அடித்துவிட்டேன். வெயில் மேல் பழியைப் போடுவது போலிருந்தது.

எல்லோரிடமும் ஒரு காரணம் இருந்தது. வகுப்பு ஆசிரியை, குழந்தை லீவு என்று நினைத்துவிட்டார். தலைமையாசிரியைக்கு ஆள் பற்றாக்குறை. அக்காவுக்கு நான். 'வேனைப் பூட்டும் முன் கடைசி இருக்கைவரை பார்ப்பது ஓட்டுநரின் கடமை' என்று அவளுக்காக எழுதினேன். பொய் இல்லை.

விசாரணையில் ஓட்டுநர் ஒரே வரிதான் சொன்னார்: "நான் பாக்கலைங்க. பாத்திருக்கணும்."

ஒப்புக்கொள்ள ஓர் ஆள் கிடைத்ததும் விசாரணை அங்கேயே முடிந்தது. அவர் வேலை போயிற்று. ஆக, நம் காலத்தில் பொறுப்பு என்பது... [இந்த வாக்கியம் எங்கே போகிறது என்று எனக்கே தெரியவில்லை. விட்டுவிடுகிறேன்.]

3
கடிதத்தில் ஒன்றை எழுதவில்லை. பிள்ளைகள் இறங்கும்போது அக்கா போனில் பேசிக்கொண்டிருந்தாள். என்னிடம்தான். என் நீலச் சட்டை எங்கே என்று கேட்கக் கூப்பிட்டிருந்தேன்.

"அதையும் எழுதிக் குடுத்துடவாக்கா?"

"குடுத்தா என் வேலையும் போகும். அவருக்குத் திரும்பக் கிடைச்சிடுமா?" பிறகு, "நீ கூப்பிட்ட, சரி. எடுத்தது நான்தானேடா" என்றாள்.

என்னைக் காப்பாற்றுகிறாளா, தன்னையே குற்றம் சொல்லிக்கொள்கிறாளா, புரியவில்லை. நான் இப்போது எழுதுவது ஒப்புதலா, இன்னொரு விளக்கக் கடிதமா என்பதும் புரியவில்லை.

4
கதைக்கு எழுதிப் பார்த்த ஒரு முடிவில், பள்ளிக்குப் போய் எல்லாவற்றையும் சொல்கிறேன். அக்காவுக்கும் வேலை போகிறது, ஓட்டுநருக்குத் திரும்பக் கிடைப்பதில்லை. இன்னொன்றில் வாயே திறப்பதில்லை. ஊரில் யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை, எனக்கு மட்டும் சோறு இறங்கவில்லை. இரண்டுமே எனக்குப் பிடிக்கவில்லை.

உண்மையில் நடந்தது இவ்வளவுதான். நேற்று ஓட்டுநர் வீட்டுக்குப் போனேன். அவரே கதவைத் திறந்தார். கையெல்லாம் சோப்பு நுரை. நான் யாரென்று சொன்னதும் கையைத் துடைத்துக்கொண்டு கேட்டார்: "அந்தப் பாப்பா நல்லா இருக்காளா?"

"நல்லா இருக்கா."

"அது போதும். நீங்க என்ன விஷயமா வந்தீங்க?"

இதற்கான என் பதிலைப் பதினோரு முறை எழுதி அடித்துவிட்டேன். எல்லாவற்றிலும் 'ஏன்னா' வந்து உட்கார்ந்துகொள்கிறது. அவர் இன்னும் வாசலில்தான் நிற்கிறார். என் இடத்துக்கு வாருங்கள். நீங்கள் சொல்லிப் பாருங்கள், அந்த ஒரு சொல் இல்லாமல்.