ரூபார்புக்கு ஒரு பாத்தி

ஊட்டியில் ஏழு வருஷம் தோட்டவேலை செய்தவன் என்று நான் துரைசாணியிடம் சொன்னது முழுப் பொய். ஊட்டியை நான் கண்ணாலும் பார்த்ததில்லை. நாகப்பட்டினத்தில் கப்பலேறி ரங்கூனில் இறங்கியவன். நடுவில் எந்த மலையும் வரவில்லை.

"ரூபார்ப் வளத்திருக்கியான்னு கேக்குறாங்க" என்றார் பீர் முகைதீன். அவர்தான் அந்த ஏரிக்கரை பங்களாவின் சமையல்காரர்; துரைசாணியின் பேச்சைத் தமிழாக்கிச் சொல்வதும் அவர்தான்.

"வண்டி வண்டியா வளத்திருக்கேன் பாய்" என்றேன். வாய் அது பாட்டுக்குச் சொல்லிவிட்டது.

சொல்லாமல் என்ன செய்ய? தோட்டக்காரன் வேலையோடு பங்களாவுக்குப் பின்னால் ஓர் அறையும் கிடைக்கும். அது இருபத்தாறாம் வருஷத்துக் கார்த்திகை. என் மனைவி தைலம்மாளுக்கு ஐந்தாம் மாசம். துறைமுகத்தை ஒட்டிய போட்டாதாங்கில் அவள் அண்ணன் இருந்த அறையில் ஒண்டிக்கொண்டிருந்தோம். பதினான்கு பேர், எல்லாரும் துறைமுகத்தில் மூட்டை தூக்குகிறவர்கள். பகல் வேலைக்காரர்கள் எழுந்து போனால் இரவு வேலைக்காரர்கள் வந்து அதே பாயில் விழுவார்கள். தைலம்மாள் பகலெல்லாம் மாடிப்படியில் உட்கார்ந்திருப்பாள். பங்குனியில் பிள்ளை பிறப்பதற்குள் அவளுக்குக் கால் நீட்ட ஓர் இடம் வேண்டும். அதற்காக ஊட்டி என்ன, லண்டனில் வேலை பார்த்தேன் என்றுகூடச் சொல்லியிருப்பேன்.

குளிர்ந்த மலையூரான மேமியோவிலிருந்து ரயிலில் ரூபார்ப் வரும், அதற்குள் மண் தயாராக இருக்க வேண்டும், அதைப் பார்த்த பிறகுதான் அறைச் சாவி என்று சொல்லிவிட்டாள் துரைசாணி.

அன்றிலிருந்து எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. உட்கார்ந்தால் எழத் தோன்றும், எழுந்தால் நடக்கத் தோன்றும். அது மரமா, கொடியா, புல்லா? தெரியாத செடிக்கு எப்படி மண் கொத்துவது? கடைசியில் பாயிடமே போனேன்.

"நீதானேப்பா வண்டி வண்டியா வளத்தே?" என்று சிரித்துவிட்டு, ஒரு டின்னைத் திறந்து சிவப்பாக ஒரு துண்டை என் கையில் வைத்தார். "சீமையிலேருந்து வர்றது. சீனி இல்லாமத் தின்னா பல்லு கூசும்."

கடித்தேன். பாகுக்கு அடியில் சுள்ளென்று புளிப்பு. அட, புளிச்சகீரைத் தண்டு! இதற்கா இத்தனை பயந்தோம் என்று தெம்பு வந்தது. மதிலோரம் ஒரு சாண் ஆழம் கொத்தி, கட்டி உடைத்து, சலித்த எருவைத் தூவி, அழகாகக் கீரைப் பாத்தி போட்டுவிட்டேன்.

நாலாம் நாள் பாய் வந்து எட்டிப் பார்த்தார். "விதை இல்லேப்பா, வேர் வருதாம். என் தலை அத்தனை இருக்குமாம். வெள்ளிக்கிழமை ரயில்லே."

தலை அத்தனை வேரா! அப்படியானால் சேனைக்கிழங்கு ஜாதி. என் பாத்தியை நானே மிதித்துக் கலைத்தேன். இடுப்பளவு தோண்டினேன். ரங்கூன் மண் இரண்டடிக்குக் கீழே கறுப்புப் பிசின்; மண்வெட்டியைப் பிடித்துக்கொண்டு விடமாட்டேன் என்றது. தண்ணீர் வேறு கசிந்தது. அதை இறைத்துவிட்டு அடியில் செங்கல் உடைத்துப் போட்டேன். அதன்மேல் ஆற்று மணல், லான்மடாவ் பேட்டைப் பால்காரர் தொழுவத்து மக்கிய சாணம், சாம்பல். போதுமா என்று தெரியாமல் கிளறுவேன், மூடுவேன், மறுபடி கிளறுவேன்.

வியாழக்கிழமை வேலை முடிந்து போட்டாதாங் திரும்பினேன். தைலம்மாள் படியில்தான் இருந்தாள்.

"சாவி குடுத்தாங்களா?"

"நாளைக்கு."

"காலு வீங்கிப்போச்சுங்க" என்றாள். எனக்கு அங்கே நிற்கவே முடியவில்லை.

வெள்ளிக்கிழமை வேர் வந்தது. ஈரச் சாக்கில் சுற்றிய கறுப்பு உருண்டை, உச்சியில் கொழுகொழுவென்று ஒரு சிவப்பு முளை. துரைசாணி பக்கத்தில் நின்றாள். நான் ஊட்டிக்காரன் மிடுக்கோடு அதைச் சாணிக் கரைசலில் முக்கி, ஒரு முழ ஆழத்தில் வைத்து மண்ணைத் தள்ளினேன்.

அவள் கத்திவிட்டாள். வெள்ளைக் கவுனோடு அப்படியே மண்டியிட்டு, மண்ணை விலக்கி, வேரை வெளியே எடுத்து, முளை மண்ணுக்கு மேலே தெரியும்படி வைத்துச் சுற்றிலும் அமுக்கினாள். பழகிய கை.

"நீ ஊட்டியைப் பாத்திருக்கியான்னு கேக்குறாங்க" என்றார் பாய், என் முகத்தைப் பார்க்காமல்.

மலையில் முறை வேறு என்று ஒரு பொய் நாக்கு நுனிவரை வந்தது. ஆனால் அந்தக் கையைப் பார்த்த பிறகு சொல்ல முடியவில்லை.

"இல்லே பாய். இந்தச் செடியும் தெரியாது. ஆனா இந்த மண்ணு தெரியும், அதைச் சொல்லுங்க. மாசி வெயில் இதைப் பொசுக்கிடும். தப்பிச்சா மழையிலே அழுகிடும். இது இங்கே வாழாது."

துரைசாணி ஒரு பிடி மண்ணை அள்ளிப் பிசைந்தாள், முகர்ந்தாள். பிறகு சிரித்து ஏதோ சொல்லிவிட்டு, சாவியைப் பாயிடம் கொடுத்துவிட்டுப் போனாள்.

"குழி நல்லா இருக்காம். முன்னாடி இருந்த தோட்டக்காரங்க ரெண்டு பேரும் வாழும் வாழும்னே சொல்லி ஏமாத்தினாங்களாம். இந்தா சாவி." பாய் குரலைத் தாழ்த்தினார். "இந்தச் செடி உசுரோட இருக்கிறவரைக்கும் நீ இங்கே இருக்கலாமாம்."

"விளையாட்டுக்குச் சொல்றாங்களா பாய்?"

"சிரிச்சுக்கிட்டுத்தான் சொன்னாங்க. இருபது வருஷமா அந்தச் சிரிப்பைப் பாக்குறேன், எனக்கே இன்னும் பிடிபடலே."

சாயங்காலமே தைலம்மாளைக் கூட்டிவந்தேன். கால் இரண்டையும் முழுசாக நீட்டிப் படுத்தவள், உடனே தூங்கிப்போனாள். விடிந்ததும் எல்லாவற்றையும் சொன்னேன். பொய்யையும், சாவியையும், அந்தச் சிரிப்பையும்.

அவள் திட்டவில்லை. விரலை மடக்கினாள்: மார்கழி, தை, மாசி, பங்குனி. வயிற்றைப் பிடித்துக்கொண்டு மெல்ல மதிலோரம் நடந்தாள். காலை வெயில் அந்தச் சிவப்பு முளைமேல் நேராக விழுந்துகொண்டிருந்தது. சற்று நேரம் பார்த்தாள். உள்ளே போய்த் துணிமூட்டையை அவிழ்த்து ஒரு பழைய சேலையை எடுத்து வந்தாள். பிள்ளைக்குத் தூளி கட்டவென்று துவைத்து மடித்து வைத்திருந்த சேலை.

"நாலு கம்பு வெட்டிட்டு வாங்க" என்றாள். "பந்தல் கட்டுவோம்."

"இது பிள்ளைக்குன்னு வச்சதாச்சே?"

"பிள்ளை வர நாலு மாசம் இருக்குங்க. அதுவரைக்கும் இந்தச் செடி சாகக் கூடாது."