மூன்று பக்கத்து மாட்டுத் திருடன்

ஞாயிற்றுக்கிழமை ராதோசாவ் வீட்டார் பெண் கேட்டு வருகிறார்கள். அதற்குள் பெண்ணின் அப்பா வுகாதினுக்கு அச்சில் ஏறிய ஒரு மூதாதை வேண்டும்.

மொன்டெனேக்ரோ நாட்டு மலையில் வம்சப் பெருமையை இத்தனை காலம் வாயால் சொன்னாலே போதுமாக இருந்தது. போன வருடம் ஒரு பேராசிரியர் சுற்றுவட்டாரக் குடும்பங்களையெல்லாம் தொகுத்துத் தடிமனாக ஒரு புத்தகம் போட்டார். அன்றோடு வாய்க்கு மதிப்புப் போயிற்று. அதில் ராதோசாவ் குடும்பத்துக்குப் பதினொரு பக்கம். வுகாதின் குடும்பத்துக்கு ஒரு வரிகூட இல்லை.

வுகாதின் அந்தப் புத்தகத்தை நூலகர் ஸ்தானாவின் மேசைமேல் போட்டார்.

"பக்கத்து ஊரு ஆட்டுக்கிடைக்குக்கூட ஒரு பத்தி இருக்கு. நாங்க இல்ல."

"அந்தப் பேராசிரியர் உங்க வீட்டுக்கு வந்தப்போ நாய அவுத்து விட்டீங்களாமே அண்ணே?"

"வரி கேக்க வந்தவன்னு நெனச்சேன்."

ஸ்தானா சமூகவியல் அலமாரிக்கு நடந்தாள். மலைவாழ் மக்களைப் பற்றிய நூலில் ஒரு பழைய புகைப்படம். விறகு சுமந்து போகிறாள் ஒரு பெண். பக்கத்தில் குதிரைமேல் புகை பிடித்துக்கொண்டு ஓர் ஆண்.

"எங்க கொள்ளுத்தாத்தாதான்! மூக்கப் பாரு. கீழ என்ன எழுதியிருக்கு?"

"மலைநாட்டு ஆண்களின் சோம்பல், ஓர் எடுத்துக்காட்டு."

"மூடி வை."

நாவல் ஒன்றில் வுகாதின் என்றே ஒருவன் இருந்தான். முதல் அத்தியாயத்திலேயே செத்துப்போகிறான்.

"வீரமாவா?"

"பிளம்ஸ் மரத்துலேந்து விழுந்து."

கடைசியாக, பழைய குற்ற வழக்குகளின் அலமாரி. அங்கே கிடைத்தார் கொள்ளுத்தாத்தா யோக்சிம். பெயரோடு, ஊரோடு, முழுசாக மூன்று பக்கம். காளை திருடியிருந்தார். குளம்படி தெரியாமலிருக்க நாலு காலுக்கும் தோல் செருப்பு மாட்டி ஓட்டிப்போனாராம். யாரோ ரெண்டு பேர் நடந்துபோன தடம் என்று போலீஸ் விட்டுவிட்டதாம்.

வுகாதின் நின்றபடி ஒருமுறை படித்தார். உட்கார்ந்து இன்னொருமுறை படித்தார்.

"திருட்டுண்ணே அது."

"திருட்டுதான். மூளையப் பாத்தியா?"

புத்தகத்தைத் தன் பெயரில் எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போனார்.

ஞாயிற்றுக்கிழமை ராதோசாவ் கனமான புத்தகத்தை அக்குளில் இடுக்கிக்கொண்டு வந்தார். சாராயம் உள்ளே போனதும் பதினொரு பக்கத்தையும் வாசித்தார். ஏழாம் பக்கத்தில் அவருடைய கொள்ளுத்தாத்தா தன் ஒரே காளையைப் படைக்குக் கொடையாகக் கொடுத்திருந்தார். முடித்துவிட்டு மீசையைத் துடைத்தார்.

"உங்க பக்கம் எப்படி, சம்பந்தி?"

"அப்பா, வேணாம்," என்றாள் மகள் யாகோதா. அவளுக்கு மாப்பிள்ளையைப் பிடித்திருந்தது.

வுகாதின் எழுந்து நின்று வாசித்தார். செருப்புக் கட்டத்தில் மாப்பிள்ளைப் பையன் சிரித்தேவிட்டான். அடுத்த பக்கத்தில் மாட்டுக்காரன் வந்தான். கயிற்றின் நுனியைக் கையில் கட்டிக்கொண்டு தூங்கியிருக்கிறான். யோக்சிம் காளையை அவிழ்த்துவிட்டு அதே கயிற்றில் ஒரு பன்றியைக் கட்டியிருக்கிறார். விடிகாலை இருட்டில் அவன் அந்தப் பன்றியைப் பாதி தூரம் சந்தைக்கு இழுத்துப் போயிருக்கிறான்.

அதற்குமேல் வுகாதின் குரல் இறங்கியது. வீட்டில் படித்தபோதெல்லாம் அவர் தன் கொள்ளுத்தாத்தாவை மட்டுமே படித்திருந்தார். மாட்டுக்காரனின் பெயர் இப்போதுதான், தன் வாயிலிருந்தே, காதில் விழுந்தது. ராதோசாவின் குடும்பப் பெயர்; ஏழாம் பக்கத்தில் காளையைப் படைக்குக் கொடுத்த அதே கொள்ளுத்தாத்தா.

யாகோதா கண்ணை மூடிக்கொண்டாள்.

ராதோசாவ் தன் கனமான புத்தகத்தை மூடி வைத்தார்.

"இந்தப் புத்தகம் எத்தன இருக்கு?"

"நூலகத்துல இது ஒண்ணுதான்."

"யாரு யாரு படிச்சது?"

"நானும் ஸ்தானாவும்."

ராதோசாவ் சாராயத்தை ஒரே மடக்கில் முடித்தார்.

"கல்யாணத்த எப்ப வெச்சுக்கலாம்?"

மறுநாள் இருவரும் ஒன்றாகவே நூலகத்துக்குப் போனார்கள். ராதோசாவ் அந்தக் குற்ற வழக்குப் புத்தகத்தை ஸ்தானாவிடம் நீட்டினார்.

"இத நாவல் அலமாரியில வைம்மா. எல்லாம் கட்டுக்கதை."

வுகாதின் பாய்ந்து புத்தகத்தைப் பிடுங்கினார்.

"திருடன்னு சொல்லுங்க சம்பந்தி, கேட்டுக்கறேன். எங்க தாத்தா கட்டுக்கதைன்னா பொண்ணு கெடையாது."