மண்ணுக்குப் போகாதவர்

மலர்ச்சாலையில் இறந்த கணவருக்கு ரதிதேவி சட்டை போட்டுக்கொண்டிருந்தாள். விறைத்த கை உள்ளே போக மாட்டேன் என்றது. உயிரோடு இருந்தபோதும் இரத்தினசிங்கம் இப்படித்தான், ஒன்றுக்கும் வளையாத மனுசன். குடிபெயர்ந்து வந்த ஏவன்டேலில் ஒரு சூப்பர்மார்க்கெட் வாசலில் செக்யூரிட்டி வேலை. முந்தாநாள் அந்த வாசலிலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு விழுந்தார்.

சோதிலிங்கம் உள்ளே வந்தான். இயக்கத்தில் அவருக்குக் கீழே நின்றவன். இப்போது பிளாட் புஷ்ஷில் வீட்டுத் தரகன். கையில் மடித்த இயக்கக் கொடி.

"அக்கா, அண்ணையை எரிக்கக் கூடாது. போராளியைப் புதைக்கிறதுதான் எங்கடை முறை. இடமெல்லாம் கதைச்சு வைச்சிட்டன்."

ரதிதேவிக்கும் அதுதான் ஆசை. ஒரு கல் இருந்தால் ஞாயிற்றுக்கிழமைகளில் போயிருந்து நாலு ஏச்சு ஏசிவிட்டாவது வரலாம். அவர் சொல்லி வைத்தது அவளுக்கு மட்டும்தான் தெரியும். மறைத்தால் யார் கேட்கப் போகிறார்கள்?

ஒவ்வொரு கார்த்திகையிலும் மண்டபத்தில் எல்லோரும் மாவீரருக்கு விளக்கேற்றும் நாளில், அவர் வேலையைக் கேட்டு வாங்கிப் போவார். ஏனென்று கேட்டால் ஒரே பதில்: "மண் களத்திலை விழுந்தவைக்கு. கையைத் தூக்கிச் சரணடைஞ்சவனுக்கில்லை. என்னை எரிச்சுப்போடு."

"எனக்காகவும் பிள்ளைக்காகவும்தானே தூக்கினீங்கள்?" என்று அவள் அழுதிருக்கிறாள். அவர் வேலைச் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பிவிடுவார்.

மகள் ராகவி கதவோரம் எட்டிப் பார்த்தாள். "அம்மா, தே ஆர் வெயிட்டிங். மலர்ச்சாலை ஆக்களுக்கு என்ன சொல்ல?"

"எரிக்கிறதெண்டு சொல்லு."

"என்னக்கா, விசர்க்கதை கதைக்கிறியள்!" சோதிலிங்கத்தின் குரல் உயர்ந்தது. "அண்ணைக்கில்லாத மண் வேறை ஆருக்கு?"

"சரணடைஞ்சவைக்கு மண் இல்லையாம், தம்பி. அவர் சொன்ன சொல்லு. அதை மீற எனக்கு ஏலாது."

சரணடைந்த அன்று கைகளைத் தூக்கியபடி நடந்த வரிசையில் அவருக்குப் பின்னால் நடந்தவன் அவன்.

"அப்ப எனக்கும் இல்லையோ, அக்கா?"

ஐயோ பாவமே என்றிருந்தது அவளுக்கு.

"ஒருக்கால் தூக்கிப் பிடி தம்பி," என்றாள். "வேட்டி உடுத்தவேணும்."

கொடியைக் கதிரையில் வைத்துவிட்டு, இரண்டு கைகளையும் முதுகுக்குக் கீழே கொடுத்து, சோதிலிங்கம் அவரை நெஞ்சோடு சேர்த்துத் தூக்கினான். அவள் வேட்டியைச் சுற்றி இறுக்கிச் செருகினாள். "காணும் தம்பி, உடுத்தியாச்சு, விடு," என்றாள்.

அவன் இறக்கி வைக்கவில்லை.